மாமன் கட்ட வேண்டிய நூல்

சென்னை எனக்குப் புதிய ஊர் அல்ல. இளமையில் அங்கே ஒரு கல்லூரியில் படித்துப் பட்டம் பெற்றவன் நான். ஆனால் வேறொருவருடைய மனைவியை அழைத்துக்கொண்டு அந்த ஊருக்குப் போனது இதுவே முதல் தடவை. இதை நானே முந்திக்கொண்டு சொல்லிவிடுகிறேன். கொழும்பு வெள்ளவத்தையில், எங்கள் ஒழுங்கையின் இரு பக்கத்து வீடுகளிலும், இந்தப் பயணம் பற்றி ஏற்கெனவே இரண்டு கதைகள் உலவுகின்றன. இரண்டிலும் நான் அவ்வளவு கௌரவமாகத் தோன்றவில்லை.

அந்தப் பெண்மணியின் பெயர் சோமலதா. மாத்தறையைச் சேர்ந்த சிங்களவர், ஓய்வுபெற்ற ஆசிரியை, என் மகள் தாரணிக்கு வரப்போகும் மாமியார். துணைக்கு வருவதாக இருந்த அவருடைய மகள் கடைசி நேரத்தில் காய்ச்சலில் படுத்துவிட்டாள். கணவருக்கு முழங்கால் வலி. "மஹத்தயா இருக்கும்போது எனக்கென்ன பயம்?" என்று பெட்டியைத் தூக்கிக்கொண்டு சோமலதா புறப்பட்டுவிட்டார். மஹத்தயா என்றால் ஐயா. எனக்கு இருந்த பயத்தைப் பற்றி அவர் விசாரிக்கவில்லை.

தாரணியின் காதல் எனக்குத் தெரியவந்த விதத்தையும் சொல்ல வேண்டும். கொழும்பில் காலிமுகத்திடலுக்கு மாலையில் போனவர்கள் பார்த்திருப்பார்கள். கடலை நோக்கி வரிசையாகக் குடைகள் விரிந்திருக்கும். வெயிலும் இராது, மழையும் இராது. ஒவ்வொரு குடைக்குப் பின்னாலும் நான்கு கால்கள். சிங்களக் காதலின் முக்காலே மூன்றுவீசம் குடைக்குப் பின்னால்தான் நடக்கிறது. பண்புள்ளவன் அந்தப் பக்கம் திரும்ப மாட்டான். நானும் திரும்பியதில்லை. ஒரு நாள் திரும்ப வேண்டியதாயிற்று. அது என் குடை. ஒட்டுப் போட்ட இடத்தை நான் அறிவேன். ஒட்டுப் போடக் கொடுத்தவனே நான்தான்.

நான் எதிர்க்கவில்லை. எதிர்த்துத் தோற்பது, எதிர்க்காமலே இருப்பதைவிட மரியாதைக் குறைவு. பையன் நுவன், பொறியியலாளன், நிமிர்ந்து நிற்பான், சாப்பிடும்போது சத்தம் வராது. காலையில் கோயிலில் தாலி, பிறகு மண்டபத்தில் அவர்கள் முறைப்படி போருவ என்று முடிவாயிற்று. போருவ என்பது மணமக்கள் ஏறி நிற்கும் அலங்கார மர மேடை. அங்கே பெண்ணின் தாய்மாமன் வந்து, இருவருடைய சுண்டுவிரல்களையும் சேர்த்து நூலால் கட்டி, கெண்டியிலிருந்து நீர் வார்க்க வேண்டும். அதுதான் கல்யாணம். மற்றதெல்லாம் சாப்பாடும் புகைப்படமும். சோமலதா எங்கள் பக்கம் கேட்ட எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். அவர் கேட்டது ஒன்றே ஒன்று: "பெண்ணின் மாமா வர வேண்டும். மாமா இல்லாமல் என் மகன் போருவையில் ஏற மாட்டான்."

தாரணிக்கு ஒரே ஒரு தாய்மாமன். காலஞ்சென்ற என் மனைவியின் தம்பி பரமேஸ்வரன். எங்களுக்குப் பரமு. குருநாகலில் கடை வைத்திருந்தான். கலவரம் நடந்த வருடம் அந்தக் கடை எரிந்தது. கப்பலேறிச் சென்னைக்குப் போனவன், திருநெல்வேலிப் பெண் கோமதியைக் கட்டிக்கொண்டு மந்தைவெளியில் தங்கிவிட்டான். இனி ஒரு சிங்கள முகத்தைப் பார்ப்பதில்லை, அந்த மொழியை வாயாலும் சொல்வதில்லை, காதாலும் கேட்பதில்லை என்று சபதம். சொந்த அக்காவின் சாவுக்குக்கூட அவன் வரவில்லை. கல்யாணச் செய்தியைத் தொலைபேசியில் சொன்னபோது, "பிள்ளைக்கு என்ரை ஆசீர்வாதம் அத்தான். நூலை வேற ஆரையும் கட்டச் சொல்லுங்கோ" என்று வைத்துவிட்டான்.

"தொலைபேசியில் கேட்டால் அப்படித்தான் சொல்வார். வெற்றிலை கொடுத்துக் கூப்பிட வேண்டும்" என்றார் சோமலதா. புடவை வாங்கப் போகிறோம் என்று ஊருக்குச் சொன்னோம். போனது பரமுவுக்காக.

விடுதி வரவேற்பில் இருந்த இளைஞன் எங்களை ஒரு முறை மேலும் கீழும் பார்த்து, "டபுள் ரூம் தானே சார்?" என்றான்.

"இரண்டு அறைகள்" என்றேன். "இரண்டு மாடிகளில்."

"சண்டையா சார்?" என்று அவன் பரிவோடு கேட்டான். நான் சாவிகளை வாங்கிக்கொண்டேன். சில கேள்விகளுக்குப் பதில் சொன்னால் கேள்விக்கு மதிப்பு வந்துவிடும்.

அன்று மாலை மயிலாப்பூருக்கு ஆட்டோவில் போனோம். மெட்ரோ ரயிலுக்காக ஊரைத் தோண்டிப் போட்டிருக்கிறார்கள். நான் படித்த காலத்தில் நேராகப் போன தெருக்கள் இப்போது தடுப்புத் தகரங்களில் முட்டி நிற்கின்றன. "இன்னா மாமா பண்றது, லஸ் கார்னராண்ட மொத்தமா பள்ளம் போட்டு வச்சுகிறானுங்க. சுத்திக்கினுதான் போணும்" என்றான் ஓட்டுநர். சுற்றினான். வழி அடைத்திருந்தது. மீண்டும் சுற்றினான். மூன்றாம் முறை அதே கோபுரத்தைக் கடந்தபோது சோமலதா கைகூப்பி, கண்கலங்கி என்னிடம் சொன்னார்: "நல்ல காரியத்துக்கு வந்திருக்கிறோம் என்று இவருக்கு யார் சொன்னது? கோயிலை மூன்று முறை வலம் வருகிறாரே!"

ஓட்டுநருக்கு அதை நான் மொழிபெயர்க்கவில்லை. கட்டணம் கூடும்.

சற்று நேரம் கழித்து சோமலதா மறுபடி பேசினார். தாய்மாமனைச் சிங்களத்திலும் மாமா என்றுதான் சொல்வார்கள். "விடுதியில் பெட்டி தூக்கிய பையனும் உங்களை மாமா என்றான். இவரும் மாமா என்கிறார். உங்கள் பரமு வராவிட்டால் இந்த ஊரில் மாமாக்களுக்கா பஞ்சம்? இவரையே கூட்டிக்கொண்டு போகலாம்" என்று, தம் சுண்டுவிரலில் முந்தானை நுனியைக் கட்டியும் காட்டினார்.

கண்ணாடியில் பார்த்துக்கொண்டிருந்த ஓட்டுநர், "ஆன்ட்டி இன்னா சொல்றாங்க?" என்றான்.

"சென்னை அழகாக இருக்கிறது என்கிறார்."

"அதுக்கு ஏன் விரலக் கட்டிக் காட்டுறாங்க?"

"எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வோம்" என்றேன். மொழிபெயர்ப்பாளனுக்கு முதல் தகுதி நிதானம்.

இரவுச் சாப்பாடு ஒரு சைவ உணவகத்தில். தூய வெள்ளைச் சுவர், பித்தளை டம்ளர், நெற்றியில் திருநீறு துலங்கும் பரிமாறுநர். சோமலதா இட்லியைச் சட்னியில் தோய்த்து வாயில் வைத்து, முகம் சுளித்து, "பாவம், மாசி போட மறந்துவிட்டார்கள்" என்றார். மாசி என்பது எங்கள் ஊர்ச் சம்பலுக்குச் சுவை கொடுக்கும் உலர்ந்த மீன். நான் தடுப்பதற்குள் கைப்பையிலிருந்து ஒரு போத்தலை எடுத்து, மூடியைத் திறந்து, இட்லிக்குப் பக்கத்தில் ஒரு கரண்டி வைத்துவிட்டார்.

அடுத்த மேசையில் மடிசார் கட்டிய மாமி ஒருவர் நிமிர்ந்தார். "ஏன்னா, ஏதோ வாடை வரதே?"

"மெட்ரோக்குத் தோண்டிண்டிருக்கான். டிரெய்னேஜ் உடைஞ்சிருக்கும். நீ சாப்பிடு" என்றார் கணவர், இலையிலிருந்து கண்ணை எடுக்காமல்.

அந்த மனிதருக்கு நான் ஆயுள் முழுவதும் கடமைப்பட்டவன்.

மறுநாள் தியாகராய நகர். அங்கே கடைத்தெருவில் மனிதன் நடப்பதில்லை, எடுத்துச் செல்லப்படுகிறான். ஒரு பட்டு மாளிகையின் மூன்றாம் மாடியில் எங்களை இறக்கிவிட்டது கூட்டம். விற்பனையாளர் நடுத்தர வயது, காதில் பென்சில், நாகர்கோவில் பக்கத்துப் பேச்சு. கல்யாணப் பெண்ணுக்கு என்றதும் அரக்கும் மயில்கழுத்தும் மாம்பழ நிறமுமாகக் கண்முன்னே கொட்டினார். சோமலதா எல்லாவற்றையும் ஒரு கையால் ஒதுக்கினார். அவருக்குத் தெரிந்த ஐந்து தமிழ்ச் சொற்களில் இரண்டைப் பயன்படுத்தினார்: "வேண்டாம். வெள்ளை."

"பொண்ணுக்கா சார்? வெள்ளையா?" விற்பனையாளர் குரலைத் தாழ்த்தினார். "சர்ச் கல்யாணமா?"

"இல்லை. பௌத்தர்கள். அவர்கள் மணப்பெண் வெள்ளைதான் உடுத்துவாள்."

"அப்ப யாராச்சும் எறந்துட்டா?"

"அப்போதும் வெள்ளைதான்."

அவர் சிறிது யோசித்தார். "செலவு மிச்சம் சார்" என்றார்.

பொற்சரிகை போட்ட வெள்ளைப் பட்டு ஒன்று எடுத்தார் சோமலதா. பிறகு சரிகை குறைந்த இன்னொரு வெள்ளை. பௌர்ணமிக்கு விகாரைக்குப் போகத் தமக்கு வாங்குகிறார் என்று நான் நினைத்துக்கொண்டேன். மூன்றாவதாக, இரத்தச் சிவப்பில் ஒன்று.

"இது?" என்றார் விற்பனையாளர்.

"கல்யாணத்துக்கு மறுநாள் பெண் மாப்பிள்ளை வீட்டுக்குப் போகும்போது உடுத்துவதற்கு."

"அது ஏன் சார் மறுநாள் மட்டும் செவப்பு?"

நான் சோமலதாவிடம் கேட்டிருக்கக் கூடாது. அவர் முப்பது ஆண்டுகள் வகுப்பறையில் பேசிய குரலில், அந்தக் காலத்தில் முதலிரவுக் கட்டிலில் வெள்ளை விரிப்பு விரிப்பார்கள் என்றும், காலையில் மாமியார் வந்து அதைப் பார்ப்பார் என்றும், பார்த்து மனம் நிறைந்தால்தான் பெண்ணுக்குச் சிவப்புச் சேலை என்றும் விளக்கினார். நல்லவேளையாக அந்த மாடியில் சிங்களம் தெரிந்தவன் நான் ஒருவனே. "என் மாமியார் மூக்குக்கண்ணாடி போட்டுக்கொண்டு வந்து பார்த்தாள், மஹத்தயா. நான் பார்க்கப் போவதில்லை. அதனால்தான் சிவப்பை இப்போதே வாங்கிவிடுகிறேன். என்ன ஆனாலும் உங்கள் மகள் சிவப்பு உடுத்துவாள். எவளாவது கேள்வி கேட்டால் என்னிடம் வரட்டும்."

அந்தக் கணத்தில் அவர்மீது எனக்கு ஏற்பட்ட மதிப்பை வெளிக்காட்டும் முகம் என்னிடம் இல்லை. கூரையைப் பார்த்தேன்.

"என்ன சார் சொல்றாங்க?"

"வழக்கம் என்கிறார்."

பணம் கட்டுமிடத்தில் நின்றபோது தம் கல்யாணக் கதையைச் சொன்னார். அவருடையது கபுவா பேசிய கல்யாணம். கபுவா என்றால் தரகர்; அக்குளில் மடக்கிய கறுப்புக் குடையோடு வீடு வீடாகப் போவார். சிங்களவரிடம் காதலென்றால் விரித்த குடை, பேசிச் செய்வதென்றால் மடக்கிய குடை; எப்படியும் குடை வேண்டும் போலிருக்கிறது. அந்தக் கபுவா, மாப்பிள்ளைக்குத் தென்னந்தோட்டம் இருப்பதாகச் சொல்லி, வீட்டு முற்றத்திலிருந்து கைநீட்டிக் காட்டியிருக்கிறார். கல்யாணத்துக்குப் பிறகுதான் தெரிந்தது, கை காட்டிய தோட்டம் விகாரைக்குச் சொந்தம். மாப்பிள்ளையுடையது வேலிக்கு இந்தப் பக்கம் நின்ற இரண்டு மரம். அவற்றில் ஒன்று காய்க்காது.

"கோபம் வரவில்லையா?"

"வந்தது. ஆனால் அன்று இரவு அவர் பாடினார். அப்போது முழங்கால் நன்றாக இருந்தது" என்றார். பாட்டுக்கும் முழங்காலுக்கும் என்ன தொடர்பு என்று நான் கேட்கவில்லை.

மாலையில் பெசன்ட் நகர் கடற்கரை. இங்கே காதலர்களுக்குக் குடை கிடையாது. பெண்கள் துப்பட்டாவால் முகத்தை முழுவதும் மூடிக்கொண்டு இரு சக்கர வண்டியில் வந்து இறங்குகிறார்கள். பையன் முகம் ஊருக்கே தெரிகிறது. எங்கள் ஊரில் இருவருக்கும் சேர்த்து ஒரு மறைப்பு, இங்கே பெண்ணுக்கு மட்டும். சோமலதா இதைச் சிறிது நேரம் ஆராய்ந்து, "இங்கே அப்பாமார் குடை வைத்துக்கொள்வதில்லை போலும்" என்றார்.

சுட்ட சோளத்தைக் கடித்தபடி அவர் சிங்களக் கதைகளைப் பற்றிப் பேசினார். வகுப்பில் அவர் கற்பித்தது இலக்கியம். "எங்கள் கதைகளில் காதலித்தவர்களுக்கு நன்மையே கிடையாது. ஒரு ராஜகுமாரன் குலம் தாழ்ந்த பெண்ணை விரும்பினான், சிம்மாசனம் போயிற்று. தொலைக்காட்சி நாடகமென்றால் குளத்தில் விழுவார்கள். விழாதவர்கள் வருடக்கணக்கில் அழுவார்கள். எங்கள் முதல் ராஜா கெட்டிக்காரர். காதலித்தவளைக் காட்டுக்குத் துரத்திவிட்டு மதுரையிலிருந்து பெண் எடுத்தார்."

"அது காதலல்ல, ராஜதந்திரம்."

"எதுவாகவும் இருக்கட்டும். மதுரையிலிருந்து கடல் கடந்து அந்தப் பெண் வந்தாளே, அவளுக்கு விரல் கட்ட அவளுடைய மாமா வந்தாரா என்று ஒரு கதையிலும் இல்லை. நான் தேடியிருக்கிறேன்." சோளக்கட்டையை மணலில் போட்டார். "நாளை அவர் மறுத்தால் என்ன செய்வது, மஹத்தயா?"

அதுவரை அவர் பயந்து நான் பார்க்கவில்லை. "மறுக்க மாட்டான்" என்றேன். எனக்கு நம்பிக்கை இல்லை.

மூன்றாம் நாள் காலை சோமலதா வீட்டிலிருந்து கொண்டுவந்த வெள்ளைச் சேலை உடுத்திக்கொண்டு வந்தார். மயிலாப்பூர்க் குளக்கரைக் கடையில் வெற்றிலையை ஒவ்வொன்றாகப் பார்த்துப் பொறுக்கி, அடுக்காக மடித்துக்கொண்டார். மந்தைவெளியில் பரமு வீடு மூன்றாம் மாடி, மின்தூக்கி இல்லை. கதவைத் திறந்தவன் பனியனும் வேட்டியுமாக நின்றான். என்னைப் பார்த்தான். எனக்குப் பின்னால் நின்றவரை, சுவரைப் பார்ப்பது போல, தாண்டிப் பார்த்தான்.

"வாங்கோ அத்தான்" என்றான். எனக்கு மட்டுமான அழைப்பு.

கோமதி ஓடிவந்தாள். "வாங்க அண்ணாச்சி! அக்கா, நீங்களும் உள்ள வாங்க, வெயில்ல ஏன் நிக்கிய?" என்று சோமலதாவின் கையைப் பிடித்து உள்ளே இழுத்தாள். ஒருவருக்கும் மற்றவர் மொழி தெரியாது. அதனால் ஒரு குறையும் ஏற்படவில்லை.

காப்பி வந்தது. சோமலதா அதைத் தொடவில்லை. எழுந்து, வெற்றிலை அடுக்கை இரு கைகளாலும் பரமுவிடம் கொடுத்து, அவன் வாங்கியதும் தரையில் முழந்தாளிட்டுக் கும்பிட்டார். பரமு கால்களை நாற்காலிமேல் தூக்கிக்கொண்டான். "ஐயையோ! எழும்பச் சொல்லுங்கோ அத்தான்!"

அவர் எழவில்லை. முழந்தாளிட்டபடியே பேசினார். நான் மொழிபெயர்த்தேன்: "உங்கள் அக்காவின் மகளை எங்கள் வீட்டுக்குத் தாருங்கள். அப்பா தந்தால் போதாது. மாமாவின் கை தர வேண்டும்."

பரமு ஜன்னலைப் பார்த்தான். "அவவிட்டைச் சொல்லுங்கோ. என்ரை கடையைக் கொளுத்தின சனத்துக்கு இந்தக் கை நூல் கட்டாது எண்டு."

நான் சோமலதாவிடம் சொன்னேன்: "உடம்பு அவ்வளவு சுகமில்லையாம். யோசித்துச் சொல்கிறாராம்."

"உங்களைவிட நன்றாகத்தானே இருக்கிறார். என்ன வியாதி என்று கேளுங்கள்."

"அவர் வருத்தப்படுகிறார்" என்று பரமுவுக்குச் சொன்னேன். அவன் மீசை ஒரு முறை அசைந்தது. அப்போது எனக்கு அதன் பொருள் விளங்கவில்லை.

சோமலதா எழுந்து பையைத் திறந்தார். அதிலிருந்து ஒரு புடவையை எடுத்துக் கோமதியின் கைகளில் வைத்துத் தலைகுனிந்தார். தியாகராய நகரில் வாங்கிய இரண்டாவது வெள்ளை.

கோமதி அதை விரித்துப் பார்த்தாள்.

"அண்ணாச்சி" என்றாள் கோமதி மெதுவாக. "எனக்கா? வெள்ளையா?" அவள் கணவனைப் பார்த்தாள். "இவுக குத்துக்கல்லு மாதிரி உக்காந்திருக்காக. எனக்கு வெள்ளப் பொடவையா?"

கல்லூரிக் காலத்தில் பேச்சுப் போட்டிகளில் பரிசு வாங்கியவன் நான். "அது… பூஜை அறைக்கு. திரை போட" என்றேன்.

சோமலதா என்னைப் பார்த்தார். "என்ன சொன்னீர்கள்? சரியாகச் சொல்லுங்கள். இது கிரி கட ஹெல என்று சொல்லுங்கள்."

நான் வாயைத் திறந்தேன். குரல் நாற்காலியிலிருந்து வந்தது.

"பொய் போதும் அத்தான்" என்றான் பரமு. "முதல்லை நான் சொன்னதை மாத்திச் சொன்னீங்கள். எனக்கு வியாதி எண்டீங்கள். இப்ப திரைச்சீலையோ?" மனைவி பக்கம் திரும்பினான். அவளோடு பேசும்போது அவன் பேச்சு சென்னைக்கு மாறிவிடும். "கோமதி, அது நீ நெனைக்கிற மாதிரி இல்ல. பொண்ணப் பெத்துப் பால் குடுத்த தாய்க்கு மாப்பிள்ள குடுக்கிற துணி அது. பாலுக்கு மரியாதை. அக்கா இல்ல. அதான் தாய் இடத்துல நீ இருக்கேன்னு உனக்குக் குடுக்கிறாங்க."

கோமதிக்கும் பரமுவுக்கும் குழந்தை இல்லை. அந்த வீட்டில் அதைப் பற்றி யாரும் பேசுவதில்லை. ஆகவே நானும் இதுவரை எழுதவில்லை.

அவள் புடவையை மடித்துக் கையில் வைத்துக்கொண்டாள். பிறகு கேட்டது வேறு: "ஒங்களுக்குச் சிங்களம் தெரியுமா? இத்தன வருசமா எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லல?"

"கடை வச்சிருந்தேன்ல. துணிக்கடை. குருநாகல்ல பாதித் தாய்மாருக்கு இந்தத் துணி என் கடையிலேர்ந்துதான் போச்சு. எரிஞ்ச அன்னைக்கு மேல்தட்டு முழுக்க இதுதான் இருந்துது."

குருநாகல் என்ற பெயர் சோமலதாவின் காதில் விழுந்தது. அவர் என் பக்கம் திரும்பவே இல்லை. நேராகப் பரமுவிடம், "என்ன கடை?" என்று சிங்களத்தில் கேட்டார்.

பரமு வாயை இறுக மூடிக்கொண்டான். கோமதி அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். கடைசியில் சபதம் உடைந்தது. வியாபாரியின் பழைய, வளைந்து கொடுக்கும் சிங்களத்தில், கடையையும் மேல்தட்டையும் சொன்னான். நான் மொழிபெயர்க்க மறுத்த வாக்கியத்தையும் சொன்னான். அந்தக் கை நூல் கட்டாது என்பதை மட்டும் இரண்டு முறை சொன்னான். கத்தவில்லை. கத்தியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

சோமலதா முழுவதையும் கேட்டார். கைக்குட்டையை எடுத்தார், உபயோகிக்கவில்லை. "எனக்குத் தெரியாது" என்றார். பிறகு என்னைச் சுட்டிக்காட்டி, "இவர் உடம்பு சுகமில்லை என்றார்."

பரமு முதல் தடவையாக அவர் முகத்தைப் பார்த்தான்.

"நடந்ததை என்னால் திருப்பிக் கொடுக்க முடியாது" என்று தொடர்ந்தார் சோமலதா. "மறந்துவிடச் சொல்லவும் நான் வரவில்லை. நீங்கள் வாருங்கள். வந்து எல்லோர் முன்னாலும் அதைச் சொல்லுங்கள். எங்கள் கல்யாணம் எதிலும் யாராவது ஒரு மாமா கோபித்துக்கொண்டு சத்தம் போடாமல் இருந்ததில்லை. கறியில் உப்பில்லை என்பார், தமக்கு முன்வரிசை தரவில்லை என்பார். இந்த ஒரு முறை ஒரு மாமா உருப்படியான காரணத்துக்குச் சத்தம் போடட்டும்."

பரமு சிரிக்கவில்லை. ஆனால் தூக்கி வைத்திருந்த கால்களை நாற்காலியிலிருந்து தரையில் இறக்கினான்.

அப்போதுதான் கோமதி அறையில் இல்லை என்பதைக் கவனித்தோம். குளியலறையில் தண்ணீர் வாளியில் விழும் சத்தம் கேட்டது. எட்டிப் பார்த்தேன். வாளி நிறைய மஞ்சள் கரைத்து, அந்தப் புடவையை இரண்டு கைகளாலும் அமிழ்த்திக்கொண்டிருந்தாள். புடவைக்கு மூலையில் மஞ்சள் தொட்டு வைப்பது நம் வழக்கம். முழுப் புடவையையும் முக்கியெடுத்ததை நான் அன்றுதான் பார்த்தேன்.

"அம்மா, இது பட்டு" என்றேன்.

"இருக்கட்டும். அவங்களுக்கு வெள்ள நல்லது, எனக்கு மஞ்சள் நல்லது. ரெண்டும் இருக்கட்டும்." முழங்கைவரை மஞ்சள். கண்ணையும் அதே கையால் துடைத்திருப்பாள் போல, கன்னத்திலும் இருந்தது. உள்ளேயிருந்தே உரக்கச் சொன்னாள்: "ஏங்க! பால் குடுத்தவளுக்குன்னு குடுத்தாக, நான் வாங்கிட்டேன். வாங்கினவ கல்யாணத்துக்குப் போகாம இருந்தா நல்லாவா இருக்கும்? நான் போறேன். நீங்க வாரதும் வராததும் ஒங்க இஷ்டம்."

கூடத்தில் சிங்களத்தில் தாழ்ந்த குரலில் ஏதோ பேச்சு நடந்துகொண்டிருந்தது. என்னை யாரும் அழைக்கவில்லை.

"அண்ணாச்சி, மஞ்சப்பொடி பத்தல. பாருங்க, திட்டுத் திட்டா நிக்கி. கீழ தெருமுக்குல கடை இருக்கு. ஒரு பெரிய பாக்கெட்டு."

கடையில் நின்று சாமான் வாங்கிக் கையில் பிடித்து நடப்பது எங்கள் குடும்ப வழக்கமல்ல. இறங்கிப் போனேன்.

"இன்னா சார் வோணும்?"

"மஞ்சள் தூள்."

"எவ்ளோ?"

"ஒரு புடவைக்கு."

கடைக்காரர் எடைத்தட்டை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். "பட்டா, காட்டனா?"

"பட்டு."

"பூடும் சார். மொத்தமா பூடும். வூட்ல சொல்லல?"

"சொன்னேன்" என்றேன். இரண்டு பொட்டலம் வாங்கினேன்.

தெருவைக் கடக்கும்போது மேலிருந்து யாரோ கூப்பிட்டார்கள். "அத்தான்! ஓய் அத்தான்!" தண்ணீர்க் குடத்தோடு நின்ற பெண்கள், இஸ்திரி போடுபவர், ஒரு நாய் உட்பட எல்லோரும் நிமிர்ந்து பார்த்தார்கள். மூன்றாம் மாடிப் பால்கனியில் பனியனோடு பரமு. ஒரு கையில் இன்னும் அந்த வெற்றிலை.

"நூலும் ஒரு உருண்டை வாங்கிக்கொண்டு வாங்கோ. இந்தக் கை கட்டிப் பழகவேணும்!"

நான் தெருவில் நின்று குரல் உயர்த்திப் பேசியதில்லை. என் தகப்பனாரும் பேசியதில்லை. உள்ளங்கையைக் குவித்து வாயருகே வைத்துக்கொண்டேன்.

"என்ன நிறம்?" என்று கத்தினேன்.

பரமு வெள்ளை என்றான். அவன் தோளுக்குப் பின்னாலிருந்து சோமலதா பொன்னிறம் என்றார். உள்ளேயிருந்து கோமதி மஞ்சள் என்றாள். கடைக்குத் திரும்பிப் போய் மூன்றையும் வாங்கினேன்.